ஊர்ப்பெயர் தாங்கிய ஆட்டங்கள்

தோற்றுவாய்

ஆட்டம் என்பது சிறார்க்கே உரியதென்றும், கற்றோர் ஆராய்தற்கு ஏற்ற பொருளன்றென்றும் கருதுவார் பலர். அக்கருத்துப் பொருந்துவதன்று. ஒரு நாட்டாருடைய மொழியும் உணவும் தொழிலும் இடந்தோறும் சிறிது சிறிதாக வேறுபடுவது போலவே அவர்தம் ஆட்டங்களும் வேறுபடுகின்றன. ஓரிடத்திற் பிறந்த ஆட்டம் மற்றோரிடம் புகுங்கால், அவ்விடத்தின் பெயரையும் கோலத்தையும் பூண்டு புதுக்கிளையாகப் பிரிகின்றது. அக்கிளைகளுட் சில வேரூன்றிப் பல தலைமுறை நிற்கின்றன. சில ஓரிரண்டு ஆண்டுகளில் உலர்ந்து உதிர்கின்றன. இவ்வேறுபாட்டிற்குக் காரணம் யாது? இதுவே இக்கட்டுரையில் நாம் எடுத்துக்கொண்ட வினா.

இதற்கு விடை காண இரண்டு ஆட்டங்களை ஒப்புநோக்குவோம். ஒன்று, வீடியோ கேம் என வழங்கும் திரை ஆட்டங்களைச் சார்ந்தது. ஒரு பெருங் கால்பந்துத் தொடரினின்று பிரிந்து, ஐரோப்பிய நாடுகள் சிலவற்றிற்கெனத் தனித்தனியே வெளியிடப்பெற்று, இன்று பெரும்பாலாரால் மறக்கப்பட்டது. மற்றொன்று, நம் சேலம் நாமக்கல் சமவெளியில் முதியோர் நன்கறிந்த ஆடுபுலி ஆட்டம். முன்னது மின்பொறியில் நிகழ்வது. பின்னது கல்லிலும் மண்ணிலும் கீறிய கோடுகளில் நிகழ்வது. இவை தம்முள் மிகச் சேய்மைப்பட்டன போலத் தோன்றினும், நம் வினாவிற்கு இரண்டும் ஒருங்கே விடை தருவனவாம்.

தாய்த்தொடர்

எலக்ட்ரானிக் ஆர்ட்ஸ் என்னும் அமெரிக்க நிறுவனம், உலகக் கால்பந்துக் கழகமாகிய ஃபிஃபாவின் பெயரைத் தாங்கிய திரை ஆட்டம் ஒன்றை 1993ஆம் ஆண்டின் இறுதியில் வெளியிட்டது. கனடாவின் மேற்குக் கரையில் இருந்த தொழிற்கூடத்தில் அஃது உருவாயிற்று. ஆடுகளத்தை நேர் மேலிருந்தோ நேர் பக்கத்திலிருந்தோ காட்டாது, சாய்ந்த கோணத்திற் காட்டியது அதன் சிறப்பு. அம்முதற்பதிப்பில் தேசியக் குழுக்கள் மட்டுமே இருந்தன; ஆட்டக்காரர் பெயர்கள் கற்பனைப் பெயர்களே. கிளப்புகள் அடுத்த பதிப்பிலும், மெய்யான ஆட்டக்காரரின் பெயர்கள் அதற்கும் அடுத்த பதிப்பிலும் இடம்பெற்றன. 1997இல் வெளிவந்த பதிப்பில் உலகக் கழகத்திற் பதிவு பெற்றிருந்த 172 நாடுகளின் குழுக்களும் அமைந்தன.

ஈண்டு ஒன்றை மாணவர் கருத்திற் கொள்ளல் வேண்டும். கால்பந்தின் விதி எவர்க்கும் தனியுடைமையன்று. பதினொருவர் ஒரு புறம், பதினொருவர் ஒரு புறம், ஒரு பந்து, இரண்டு கோல் என்னும் அமைப்பை எவரும் திரையில் வரையலாம். ஆனால் ஒரு கிளப்பின் பெயர், அதன் சின்னம், அதன் சட்டை நிறம், ஆட்டக்காரரின் பெயரும் முகமும் ஆகிய இவை உடையாரிடம் பொருள் கொடுத்து உரிமம் பெற்றாலன்றிப் பயன்படுத்தற்கு இயலா. ஆகவே இத்தகைய ஆட்டத்தில் இரண்டு கூறுகள் உள. ஆட்டத்தின் உயிராகிய விதி ஒன்று. அதன்மேற் போர்த்த கோலம் ஒன்று. விதி பொதுச்சொத்து, கோலமோ வாடகைக்குக் கொண்ட ஆடை. இப்பாகுபாடு பின்னர்ப் பெரிதும் பயன்படும்.

மறக்கப்பட்ட கிளை

1999ஆம் ஆண்டில் அந்நிறுவனம் தன் தாய்த்தொடரினின்று ஒரு கிளையைப் பிரித்தது. இங்கிலாந்தின் முதல் லீக்கில் ஆடிய 20 கிளப்புகளையே பொருளாகக் கொண்ட அதற்கு 'எஃப்.ஏ. பிரீமியர் லீக் ஸ்டார்ஸ்' என்பது பெயர். விண்டோஸ் கணினியிலும் பிளேஸ்டேஷன் கருவியிலும் அஃது ஆடப்பட்டது. அதே ஆட்டத்தை ஜெர்மானியர்க்குப் 'புண்டெஸ்லீகா ஸ்டார்ஸ் 2000' என்னும் பெயரால் வெளியிட்டனர். மறுபதிப்பு 2000ஆம் ஆண்டில் வந்தபோது, பிரெஞ்சு நாட்டார்க்கு 'எல்.என்.எஃப். ஸ்டார்ஸ் 2001' என ஒன்று வந்தது. அவ்வந்நாட்டின் கிளப்புகளும், சட்டைகளும், ஆட்டக்காரரின் பெயர்களும் மாறின, உள்ளமைப்பு ஒன்றே.

எனினும் இக்கிளைக்கெனப் புதுமை ஒன்றும் இல்லாமற் போகவில்லை. ஆட்டத்தில் திறமை காட்டுவோர் நட்சத்திரங்களை ஈட்டுவர். ஈட்டிய நட்சத்திரங்களைச் செலவிட்டுத் தம் குழுவின் ஆட்டக்காரருடைய திறனை உயர்த்திக்கொள்வர். பெயரிலுள்ள 'ஸ்டார்ஸ்' என்னும் சொல், புகழ்பெற்ற ஆட்டக்காரரையும் இந்நட்சத்திரங்களையும் ஒருங்கே குறிப்பதாயிற்று. ஆட்டத்தில் ஈட்டியதைக் கொண்டு குழுவை வளர்ப்பது என்னும் இக்கருத்து, 2009இல் தாய்த்தொடரில் 'அல்டிமேட் டீம்' என்னும் பகுதியில் வேறொரு வடிவில் விரிவாகத் தோன்றி, அந்நிறுவனத்திற்கு மிகப் பெரும் வருவாய் ஈட்டித் தந்தது. முன்னதினின்றே பின்னது பிறந்தது என்று கூறத் துணியோம். ஆயினும், மறக்கப்பட்ட நூல்களிற் போலவே மறக்கப்பட்ட ஆட்டங்களிலும் பிற்காலத்தார் போற்றும் கருத்துக்கள் முற்படக் காணப்படுவது உண்டு என்பதற்கு இஃது எடுத்துக்காட்டாகும்.

2000ஆம் ஆண்டிற்கு உரிய பதிப்புக்களோடு இக்கிளை நின்றுவிட்டது.

உலர்ந்ததன் காரணம்

இக்கிளை ஏன் உலர்ந்தது? காரணங்கள் மூன்று.

முதலாவது, தாயே சேய்க்குப் போட்டியாயிற்று. கிளை வெளிவந்த அதே 1999ஆம் ஆண்டின் இறுதிக்குள் தாய்த்தொடரின் புதுப்பதிப்பும் வெளிவந்தது. அதிலும் இங்கிலாந்தின் முதல் லீக் இருந்தது. அதனோடு பிற நாட்டு லீக்குகளும் இருந்தன. ஒரு நாட்டை மட்டும் தருவதையும் பல நாடுகளை ஒருங்கே தருவதையும் அருகருகே வைத்தால், பொருள் கொடுத்து வாங்குவோன் எதனை எடுப்பான் என்பது சொல்லாமலே விளங்கும்.

இரண்டாவது, கோலம் விரைவிற் பழையதாகும் தன்மையது. கிளப்பினர் ஆண்டுதோறும் சட்டையை மாற்றுகின்றனர். ஆட்டக்காரர் கிளப்பை மாற்றுகின்றனர். கடைநிலைக் கிளப்புகள் கீழ் லீக்கிற்கு இறங்குகின்றன. அமைப்பின் பெயரும் மாறும். பிரெஞ்சுப் பதிப்பு தன் தலைப்பிற் பொறித்திருந்த 'எல்.என்.எஃப்.' என்னும் தேசிய லீக் 2002இல் வேறு பெயர் பூண்டது. வெளிவந்து ஈராண்டு கழிவதற்குள் தலைப்பே பழங்கதையாயிற்று. கோலத்தையே முதலாகக் கொண்ட பொருள், அக்கோலம் மங்கியவுடன் தானும் மங்கும்.

மூன்றாவது, அதனைப் படியெடுத்து வழங்கவோ திருத்திப் புதுக்கவோ ஆடுவோர்க்கு உரிமையில்லை. உரிமத்தின் காலம் முடிந்தபின் நிறுவனம் அதனை மீண்டும் விற்பதுமில்லை. பிறர் விற்க விடுவதுமில்லை. தாய்த்தொடரும் இவ்விதிக்குத் தப்பவில்லை. நிறுவனத்திற்கும் உலகக் கழகத்திற்கும் இடையே இருந்த உடன்பாடு முறிந்த செய்தி 2022இல் வெளிப்பட்டது. 2023 முதல் அத்தொடர் 'ஈ.ஏ. ஸ்போர்ட்ஸ் எஃப்.சி.' என்னும் வேற்றுப்பெயருடன் வருகின்றது. முப்பது ஆண்டுகள் வழங்கிய பெயர் ஒரு கையெழுத்து இல்லாமையால் மறைந்தது. இது தனியொரு ஆட்டத்தின் நிலையன்று. 2010க்கு முன் அமெரிக்காவில் வெளிவந்த திரை ஆட்டங்களுள் நூற்றுக்கு 87 பங்கு விலைக்குக் கிடையாதனவாயின என்று, திரை ஆட்ட வரலாற்றை ஆராயும் அறக்கட்டளையொன்று 2023இல் ஆய்ந்து வெளியிட்டது. நூலாயின் நூலகத்திற் கிடக்கும். இவற்றிற்கு அத்தகைய புகலிடமும் அரிது.

நிலைத்த கிளைகள் இரண்டு

ஊர்ப்பெயர் தாங்கிய கிளைகள் யாவும் இவ்வாறே அழியுமோ எனின், இல்லை.

ஜப்பானில் கொனாமி என்னும் நிறுவனம் 1995இல் தன் நாட்டு ஜே லீக்கைப் பொருளாகக் கொண்டு 'வின்னிங் இலெவன்' என்னும் ஆட்டத்தை வெளியிட்டது. அந்த லீக் தொடங்கியதே 1993இல்தான். நாடு முழுதும் அதன்பால் கொண்ட பெருவிருப்பம் அவ்வாட்டத்திற்கு உரமாயிற்று. உள்நாட்டு ஆட்டமாகப் பிறந்த அதுவே அடுத்த ஆண்டில் உலகக் குழுக்களை ஏற்று விரிந்து, பின்னர் 'புரோ எவலூஷன் சாக்கர்' என்னும் புகழ்பெற்ற தொடராயிற்று. இங்கே ஊர் கிளையன்று, ஊரே வேர்.

மற்றொன்று பிரேசில் நாட்டில் நிகழ்ந்தது. அந்நாட்டு இளைஞர் சிலர் மேற்கூறிய ஜப்பானிய ஆட்டத்தைத் தாமே பிரித்துத் திருத்தி, தம் நாட்டுக் கிளப்புகளையும் பாடல்களையும் வருணனையையும் அதிற் சேர்த்து, 'பொம்பா பேட்ச்' என்னும் பெயரால் வழங்கினர். தெருக்கடைகளில் அது விலைபோயிற்று. பிளேஸ்டேஷன் 2 என்னும் கருவியின் உற்பத்தி 2013இல் நின்ற பின்னரும், அக்கருவிக்கென அவர்கள் புதுப்பதிப்புக்களை ஆக்கிவந்தனர். இஃது உரிமையாளரின் இசைவின்றி நிகழ்ந்தது. சட்டத்திற்கு மாறானதை மாணவர் பின்பற்றுக என்று நாம் கூறுவோமல்லோம். நாம் காட்ட விரும்புவது வேறு. முறைப்படி உரிமம் பெற்று, பெருநிறுவனமே வெளியிட்ட வட்டாரக் கிளை ஈராண்டில் மறைய, ஊரார் தம் கையாற் புதுக்கிக்கொண்ட வட்டாரக் கிளை பல ஆண்டு நின்றது. ஆட்டம் யாருடைய கையில் இருக்கின்றது என்பதே அதன் ஆயுளை வரையறுக்கின்றது.

நம் நாட்டிற்கு வந்த பங்கு

இந்திய சூப்பர் லீக் 2014இல் ஆடத் தொடங்கியது. 2021இல் வெளிவந்த 'ஃபிஃபா 22' பதிப்பில் அந்த லீக்கின் கிளப்புகள் முதன்முறையாக இடம்பெற்றன, சென்னையின் எஃப்.சி.யும் அவற்றுள் ஒன்று. நம் மாணவர் பலர் அதனை ஆவலோடு வரவேற்றனர். இந்தியாவிற்கெனத் தனிக்கிளை எழவில்லை. தாய்த்தொடரிலேயே ஒரு மூலையில் இடம் கிடைத்தது. சென்னைக் குழுவின் நீலச் சட்டையைத் திரையிற் கண்டு மகிழ்ந்தோம். ஆயின் வருணனை தமிழில் ஒலிக்கவில்லை. கோலத்தில் ஒரு சிறு பங்கு நமக்கு வந்தது. ஆட்டத்தின் நடையில் நம்முடையது ஒன்றும் சேரவில்லை.

உண்மைக் கால்பந்தின் வரலாறோ அங்ஙனமன்று. அவ்வாட்டம் நம் நாட்டிற் பரவியதிற் பட்டாளத்தாரோடு மிஷன் பள்ளிகளுக்கும் பங்கு உண்டென்பதை இக்கல்லூரியார் நன்கறிவர். ஸ்ரீநகரத்து மிஷன் பள்ளியில் டின்டேல் பிஸ்கோ என்னும் ஆசிரியர் 1891இல் பந்தைக் கொணர்ந்தபோது, தோலாற் செய்ததைத் தீண்டமாட்டோம் என்று மாணவர் மறுத்தனர். மறுத்த நாட்டிலேயே அஃது இருபதாண்டுகளுள் வேரூன்றியது. 1911இல் கல்கத்தாவின் மோகன் பகான் குழுவினர் ஐ.எஃப்.ஏ. கேடயத்தின் இறுதியாட்டத்தில் கிழக்கு யார்க்ஷயர் படைப்பிரிவை 2–1 என வென்றனர். வென்ற பதினொருவருள் பூட்ஸ் அணிந்தவர் சுதிர் சட்டர்ஜி ஒருவரே; ஏனைப் பதின்மரும் வெறுங்காலுடன் ஆடினர். 1948இல் லண்டன் ஒலிம்பிக்கில் பிரான்சோடு 1–2 எனத் தோற்ற நம் குழுவினருட் பெரும்பாலாரும் வெறுங்காலினரே. வெறுங்காலால் ஆடுவோன் பந்தைத் தொடும் வகை வேறு. மழை நனைந்த தரையில் அவனுக்கு வரும் இடர் வேறு. இங்கே நம் நாடு ஆட்டத்திற்குப் பெயரை மட்டும் கொடுக்கவில்லை, நடையையே கொடுத்தது. வந்த ஆட்டம் நம் ஆட்டமானது அவ்வாறே.

ஆடும் புலியும்

இனி நம் சமவெளிக்கு வருவோம். ஆடுபுலி ஆட்டத்தை அறியாத இளையோர் பொருட்டு அதன் இயல்பைச் சுருங்கக் கூறுவோம். உச்சிப்புள்ளி ஒன்றினின்று கீழ்நோக்கி விரியும் கோடுகளையும், அவற்றைக் குறுக்கே வெட்டும் கோடுகளையும் தரையில் வரைவர். கோடுகள் சந்திக்கும் இடங்கள் 23. ஒருவருக்குப் புலி 3. மற்றவருக்கு ஆடு 15. புலிக்குச் சிறு கல்லும் ஆட்டுக்குப் புளியங்கொட்டையும் போதும். ஆடுகளை ஒவ்வொன்றாகக் களத்தில் இறக்க வேண்டும். எல்லாம் இறங்குமளவும் ஆடு நகரலாகாது. அடுத்த புள்ளியில் ஆடிருந்து, அதற்கு நேர் அப்பாற்புள்ளி வெறுமையாயின், புலி தாவி அவ்வாட்டை வெட்டும். புலிகள் மூன்றும் நகர வழியின்றி அடைபட்டால் ஆட்டுக்காரருக்கு வெற்றி. வலியார் சிலரும் எளியார் பலரும் பொருதும் இவ்வாட்டத்தில், எளியார்க்கு உள்ள ஒரே படைக்கலம் ஒருவர் பின் ஒருவர் நெருங்கி நிற்றலே. தனித்து நின்ற ஆடு வெட்டுப்படும். பின்னே துணைநின்ற ஆடு பிழைக்கும். இந்நீதியை எவரும் உரைக்க வேண்டுவதில்லை; விதியே உரைக்கின்றது.

ஆட்டு மந்தையும் மேய்ச்சற் காடும் கொல்லி மலை, சேர்வராயன் மலை அடிவாரங்களும் உடைய நம் நிலத்தார்க்கு இவ்வாட்டம் இயல்பாகவே பொருந்தியது. இதன் உறவினரோ பல நாடுகளிலும் உளர். ஆந்திரத்தார் இதனைப் புலி மேக்க என்பர். நேபாளத்தாரின் பாக் சால் என்னும் ஆட்டத்தில் சதுரக் களம், புள்ளிகள் 25, புலி 4, ஆடு 20, ஐந்து ஆடுகள் வெட்டுண்டால் புலிக்கு வெற்றி. ஐரோப்பாவிலோ புலியும் ஆடும் மறைந்து நரியும் வாத்தும் தோன்றுகின்றன, சிலுவை வடிவக் களத்தில் புள்ளிகள் 33, நரி ஒன்று, வாத்துக்கள் 13 அல்லது 17. எது தாய், எது சேய் என்னும் வழக்கிற்குள் நாம் புகவேண்டுவதில்லை. ஒவ்வொரு நாட்டாரும் களத்தையும் எண்ணையும் விதியையும் தமக்கேற்ப மாற்றிக்கொண்டனர் என்பதே நோக்கத்தக்கது. இவர்கள் எவரிடமும் உரிமம் பெற்றிலர். கரித்துண்டு ஒன்று கையிலிருந்தால் ஆட்டம் பிறந்துவிடும்.

ஒப்பீடு

இரண்டையும் இனி அருகருகே வைத்துக் காண்போம். 'ஸ்டார்ஸ்' கிளையில் நாடுதோறும் மாறியது கோலம், விதி மாறவில்லை. ஆடுபுலியில் நாடுதோறும் மாறியது விதியும் களமும். ஆகவே ஒவ்வொன்றும் தன் நிலத்திற்கே உரிய ஆட்டமாயிற்று. முன்னது நிறுவனத்தின் கையில் இருந்தது. நிறுவனம் விட்டவுடன் வீழ்ந்தது. பின்னது ஆடுவோர் கையில் இருந்தது. ஒருவர் விட்டாலும் மற்றொருவர் எடுத்தனர். முன்னது ஆண்டுக்கணக்கில் வாழ்ந்தது; பின்னது தலைமுறைக்கணக்கில் வாழ்ந்தது. ஊர்ப்பெயரைச் சூட்டுவதால் மட்டும் ஓர் ஆட்டம் ஊருக்கு உரியதாகாது. ஊரார் அதன் விதியைத் தொட்டுத் திருத்தவும், தம் மக்களுக்குத் தாமே கற்பிக்கவும் கூடுமாயின் அதுவே ஊராட்டம்.

இதனால், பின்னது அழியாதென்று நாம் மனநிறைவு கொள்ளலாமோ எனின், கொள்ளலாகாது. கையிலிருந்து கைக்கு மாறும் பொருளுக்கு அக்கைகளே அரண். திண்ணைகள் குறைந்தன, மாலைப்பொழுது தொலைக்காட்சிக்கும் கைப்பேசிக்கும் உரியதாயிற்று. கோயில் மண்டபத்துக் கற்றளத்திற் கீறிய களங்கள், திருப்பணியின்போது புதுக்கல் பரப்பினால் கீழே மறைந்துவிடும். திரை ஆட்டம் மறைந்தால் அதன் வட்டு ஒன்றாயினும் எங்கோ ஒரு பெட்டியில் எஞ்சும்; அதனைத் தேடி எடுத்து எழுதுவோர் உலகிற் சிலர் உளர். நம் ஊரின் ஆட்டவிதி ஒரு முதியவரோடு மறைந்தால் எஞ்சுவது யாதுமில்லை. இரண்டனுள் மறதிக்கு மிக அஞ்சவேண்டியது, நெடுநாள் வாழ்ந்த நம்முடையதே.

மாணவர்க்குரிய கடமை

ஆகவே நம் கல்லூரி மாணவர் செய்யத்தக்கன இரண்டு உள என்போம்.

ஒன்று, தொகுத்தல். சேலம், ஓமலூர், சங்ககிரி, ராசிபுரம், திருச்செங்கோடு, பரமத்தி, மோகனூர் எனப் பல திசையினின்றும் இங்கு மாணவர் வருகின்றனர். ஒவ்வொருவரும் விடுமுறையில் தம் ஊர் முதியோர் இருவரையாவது அணுகி, தாம் இளமையில் ஆடிய ஆட்டம் யாது, அதற்கு அவ்வூரில் வழங்கிய பெயர் யாது, களத்தின் கோடுகள் எவ்வாறு செல்லும், காய்கள் எத்தனை, வெட்டும் விதி யாது, எவரெவர் கூடி ஆடினர், எப்பருவத்தில் ஆடினர் என்பனவற்றை வினவி எழுதி, களத்தின் படத்தையும் வரைந்து கல்லூரி நூலகத்திற் சேர்ப்பாராக. அடுத்த ஊரில் விதி சிறிது வேறுபட்டால் அதனைப் பிழையென்று தள்ளலாகாது. அவ்வேறுபாடே நாம் தேடும் பொருள்.

மற்றொன்று, ஆக்கல். கணினி பயிலும் மாணவர் நம்மிடையே பலர் உளர். அவர்கள் திரை ஆட்டம் ஒன்றை இயற்ற முற்படுங்கால், பிற நாட்டு ஆட்டத்தின்மேல் நம் ஊர்ப்பெயரை ஒட்டுவதோடு நின்றுவிடலாகாது; அவ்வாறு ஒட்டியதன் முடிவு யாதென்பதை மேலே கண்டோம். நம் ஊர்ச் சிறுவர் நீர் வற்றிய ஏரிப்படுகையிற் பந்தாடும்போது, வெடித்த மண்ணிற் பந்து நினைத்த வழியே செல்வதில்லை. எல்லைக்கோடு ஒரு கருவேல மரமாக இருக்கும். கூடினவர் எத்தனை பேரோ அத்தனை பேரே ஒரு குழு. இவற்றை இழிவென்று நீக்காமல் விதியாகவே கொண்டு ஆட்டம் அமைப்பாராயின், அது நம் நிலத்தின் ஆட்டமாகும். அதனைப் பிறர் திருத்தவும் தடையின்றி விடுவாராயின் அது நெடிது வாழும்.

பெயர் எழுதிய பலகை மழையில் அழிந்துவிடும். நட்ட மரம் அம்மழையால் தழைக்கும். நம் இளைஞர் தம் ஊருக்குச் செய்வது இவற்றுள் எது என்பதைத் தாமே ஆய்ந்து தெளிவாராக.